பினாங்குத் தைப்பூசக் கூட்டத்தைப் பர்மா அகதிகள் என்று காட்டலாமா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் பழைய சாமான் கடை வைத்திருக்கிறேன். அப்பா தொடங்கிய கடை. பங்காளிகள் பாகம் பிரித்துக்கொள்ளும் வீடுகளிலிருந்தும் இடிக்கப்படும் வீடுகளிலிருந்தும் வருகிற தேக்குத் தூண், நிலைக்கதவு, எனாமல் தூக்கு, மரவை, ரவிவர்மா படம் ஆகியவற்றை வாங்கி விற்பது தொழில். சினிமாக்காரர்களும் தொலைக்காட்சிக்காரர்களும் எங்கள் தெருவுக்கு வாடிக்கையாளர்கள். அண்மையில் ஒரு தமிழ்த் தொலைக்காட்சி, 1942இல் பர்மாவிலிருந்து தமிழர்கள் நடந்தே திரும்பிய துயரத்தைப் பற்றி ஓர் ஆவணப்படம் ஒளிபரப்பியது. அதில் வந்த ஒரு காட்சியைப் பற்றித்தான் இந்தக் கடிதம். அந்தக் காட்சி பர்மாவில் எடுத்ததும் அல்ல, 1942இல் எடுத்ததும் அல்ல. அது இருந்த படச்சுருள் என் கை வழியாகச் சென்னைக்குப் போனது என்பதால் உறுதியாகச் சொல்கிறேன்.

பள்ளத்தூர் ஆச்சி ஒருவருக்குச் சொந்தமானது அந்தச் சுருள். அவருடைய அப்பச்சி, அதாவது அப்பா, பினாங்கில் தொழில் செய்தவர். அங்கே வாங்கிய 8 மில்லிமீட்டர் கேமராவில், வணிகர்கள் தங்கித் தொழில் நடத்தும் கிட்டங்கி, கோயில், கடற்கரை, குடும்பத்துப் பிள்ளைகள் என்று கண்ணில் பட்டதையெல்லாம் எடுத்து வைத்திருக்கிறார். ஒரு சுருள் ஓடினால் ஏறக்குறைய நான்கு நிமிடம். ஒவ்வொரு சுருளும் கோடக் கம்பெனியின் மஞ்சள் அட்டைப்பெட்டியில் இருந்தது; ஒவ்வொரு பெட்டிக்குள்ளும் பென்சிலால் எழுதி மடித்துவைத்த துண்டுச்சீட்டு ஒன்று. நான் சொல்லும் சுருளின் சீட்டில், "தைப்பூசம். வெள்ளித் தேர் கோயில் வீட்டிலிருந்து தண்ணீர்மலைக்குப் புறப்பாடு. 1957" என்று கண்டிருந்தது. தண்ணீர்மலை என்பது பினாங்கில் முருகன் கோயில் இருக்கும் இடம். வட்டிக்கணக்கு எழுதிப் பழகிய கை. ஊரும் ஆண்டும் குறிக்காமல் எதையும் பெட்டியில் போடாது.

சென்னைத் தயாரிப்பு நிறுவனம் ஒன்றிலிருந்து வந்தவர்கள், வெளிநாடு போன குடும்பங்களில் பழைய படச்சுருள் கிடைக்குமா என்று என்னிடம் கேட்டார்கள். ஆச்சியிடம் பேசி வாங்கிக் கொடுத்தேன். அனுப்புவதற்கு முன், நகை பார்க்கும் லென்ஸை வைத்து வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பார்த்தேன். ஒரு படச்சட்டம் (ஃபிரேம்) சுண்டுவிரல் நகத்தில் பாதி இருக்கும். அதற்குள் ஒரு பெண்ணின் அரக்குச் சிவப்புச் சேலை நேற்றுச் சாயம் தோய்த்ததுபோல் இருந்தது. கோடாக்குரோம் என்ற அந்த வண்ணச் சுருள் இருட்டில் கிடந்தால் எளிதில் நிறம் மங்காது. சுருளின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணம் என்று சிறு குறிகள் உண்டு. கோடக் கம்பெனி அந்தச் சுருளைத் தயாரித்த ஆண்டை அவை காட்டும். ஒரே குறி இருபது ஆண்டுக்கு ஒருமுறை திரும்ப வரும் என்பதால் அதை மட்டும் நம்பக்கூடாது. மற்ற அடையாளங்களோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். சீட்டில் எழுதிய ஆண்டுக்கும் அந்தக் குறிக்கும் பொருத்தமாகவே இருந்தது.

தொலைக்காட்சியில் வந்தது என்ன? வண்ணத்தை எடுத்துவிட்டுக் கறுப்பு வெள்ளையாக்கியிருந்தார்கள். இல்லாத கீறல்களைக் கம்ப்யூட்டரில் போட்டிருந்தார்கள். ஒலியே இல்லாத சுருளுக்குக் குண்டு விழும் சத்தமும் பெண்கள் அலறும் சத்தமும் சேர்த்திருந்தார்கள். தேர் தெரியும் பகுதியை விட்டுவிட்டு, அதன் பின்னால் குடமும் துணிமூட்டையுமாக வருகிற கூட்டத்தை மட்டும் எடுத்துக்கொண்டு, கீழே "ரங்கூன், 1942" என்று எழுத்துப் போட்டார்கள். அந்தக் காலப் படச்சட்டம் நாலுக்கு மூன்று என்ற அளவு. இன்றைய அகலத்திரையை நிரப்ப வேண்டுமானால் உயரத்தில் கால் பங்கை வெட்டித் தள்ள வேண்டும். அப்படி வெட்டியதில், பினாங்கு என்று ஊர்ப்பெயர் தாங்கிய கடைப்பலகை போய்விட்டது. தெருவோரம் நின்ற மோரிஸ் மைனர் கார் மட்டும் போகவில்லை. அந்தக் கார் அறிமுகமானதே 1948இல்தான்.

கூட்டத்தின் முன்னால் கவுன் போட்ட சிறுமி ஒருத்தி கேமராவைப் பார்த்து ஓடி வருகிறாள். அவள் வாய்விட்டுச் சிரிப்பது சுருளில் இருக்கிறது. சிரிப்பு தெரிவதற்குள் காட்சியை நறுக்கிவிட்டார்கள். அந்தச் சிறுமிதான் ஆச்சி. 1949இல் பிறந்தவர். தான் பிறப்பதற்கு ஏழு ஆண்டு முன்னால் குண்டுக்குப் பயந்து ஓடும் அகதியாகத் தன்னையே தன் வீட்டுத் தொலைக்காட்சியில் பார்த்திருக்கிறார். மறுநாள் காலையில் என்னைக் கூப்பிட்டு, "அப்பச்சி பொய் எழுதி வைத்துவிட்டுப் போனார் என்றல்லவா ஊர் நினைக்கும்?" என்று கேட்டார். எனக்குப் பதில் சொல்ல வரவில்லை.

சுருள்கள் திரும்பி வந்தன. துண்டுச்சீட்டுகள் வரவில்லை. கேட்டதற்கு, ஸ்கேன் செய்யும்போது வேறு டப்பாக்களுக்கு மாற்றினார்களாம், பழைய அட்டைப்பெட்டிகள் எங்கே போயின என்று தெரியவில்லையாம். ரங்கூன் என்று போட்டதைப் பற்றிக் கேட்டேன். "கூட்டம் நடக்கிற காட்சி ஒன்று அந்த இடத்தில் தேவைப்பட்டது, எந்த ஊர் என்று யார் பார்க்கப் போகிறார்கள்?" என்று பதில் வந்தது. பார்க்கிறவர்கள் இருக்கிறோம் ஐயா. இந்தப் பக்கத்தில் பர்மாவோடு தொடர்பில்லாத ஊரே கிடையாது.

1941 டிசம்பர் 23 அன்று ரங்கூன் மீது ஜப்பானிய விமானங்கள் குண்டு போட்டன. 1942 மார்ச்சில் நகரம் விழுந்தது. கப்பலில் இடம் கிடைக்காத லட்சக்கணக்கான இந்தியர்கள் அரக்கான் வழியாகவும் மணிப்பூர் மலை வழியாகவும் நடந்தார்கள். காலராவாலும் பசியாலும் ஆயிரக்கணக்கானோர் வழியிலேயே இறந்தார்கள். வட்டிக்கடை முதலாளிகள் மட்டும் அல்ல. மேலாள், அடுத்தாள், சமையலாள், துறைமுகக் கூலி, வயல் கூலி எல்லோரும்தான். அவர்களைக் காட்டப் படம் கிடைக்கவில்லை என்றால் வரைபடத்தைக் காட்டலாம். அந்தக் காலத்துக் கடிதத்தைக் காட்டலாம். நடந்து வந்தவரின் பேரனை உட்கார வைத்துப் பேச வைக்கலாம். திருவிழாவுக்கு ஓடிய பிள்ளையைப் பிடித்து அந்த இடத்தில் ஒட்டியது, வழியில் மாண்டவர்களுக்கும் அவமரியாதை, ஆசை ஆசையாய்த் தைப்பூசத்தைப் படமெடுத்த மனிதருக்கும் அவமரியாதை.

உங்கள் பத்திரிகையில் பழைய புகைப்படம் வந்தால் 'கோப்புப் படம்' என்று அடியில் போடுகிறீர்கள். செய்தித் தொலைக்காட்சிகளும் திரையின் ஓரத்தில் 'கோப்புக் காட்சி' என்று போடுகின்றன. மணிக்கணக்கில் ஓடும் ஆவணப்படத்துக்கு அந்தக் கட்டுப்பாடு வேண்டாமா? தவறான காட்சி ஒருமுறை உள்ளே வந்துவிட்டால் பிறகு அதை வெளியேற்றுவது பெரும்பாடு. ரஷ்யப் புரட்சியின் பத்தாம் ஆண்டு நினைவாக சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டீன் 1927இல் எடுத்த 'அக்டோபர்' படத்தில், குளிர்கால அரண்மனையைக் கூட்டம் தாக்கும் காட்சி உண்டு. ஆட்களை ஓட வைத்து எடுத்தது. அதை 1917இல் நிஜமாகவே எடுத்த காட்சியாக நினைத்து எடுத்தாண்ட ஆவணப்படங்கள் பல. நம் தொலைக்காட்சியின் 'ரங்கூன்' காட்சியும் இனி அப்படித்தான் பரவும். இன்னொருவர் அதை எடுத்துத் தன் படத்தில் போடுவார். பள்ளிப் பிள்ளைகள் பார்ப்பார்கள். இருபது ஆண்டு கழித்துப் பினாங்கு என்று சொன்னால் நம்ப ஆள் இருக்காது.

பழைய காட்சியைத் தொடவே கூடாது என்று நான் சொல்லவில்லை. முதல் உலகப் போரின் காட்சிகளை லண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்திலிருந்து எடுத்து, வேகத்தைச் சரிசெய்து, வண்ணமேற்றி 2018இல் ஒரு படம் வெளிவந்தது. வண்ணமேற்றியது சரியா என்ற விவாதமும் எழுந்தது. ஆனால் என்ன செய்தோம் என்பதைச் சொல்லிவிட்டுச் செய்தார்கள். இங்கே நடந்ததில் சொல்லவும் இல்லை, கேட்கவும் இல்லை.

இந்த மண்ணுக்கு இதைப் பற்றிப் பேசத் தனி உரிமை உண்டு. காரைக்குடியை ஒட்டிய கோட்டையூரில் 1911இல் பிறந்தவர் ஏ.கே. செட்டியார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை படித்தவர். 1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் தேதி, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குப் போகும் கப்பலில், காந்தியடிகளைப் பற்றி ஒரு படம் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்கு வந்தது. எடுக்க வேண்டும் என்று சொல்வதைவிடத் தேட வேண்டும் என்று சொல்வதே பொருத்தம். காந்தியை முப்பது ஆண்டுகளாக ஏறத்தாழ நூறு பேர் ஆங்காங்கே படமெடுத்திருந்தார்கள். அந்தச் சுருள்கள் எந்தெந்த நாட்டில், யார் கையில் இருக்கின்றன என்று கண்டுபிடித்து வாங்குவதே அவருக்கு வேலையாயிற்று. அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து, இருபத்தாறு. கண்டம் கண்டமாக அலைந்து 50,000 அடி சேர்த்தார். தொடர்ந்து ஓட்டினால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் வரும். அதை 12,000 அடியாகத் தொகுத்து 1940இல் தமிழ் விளக்க உரையோடு வெளியிட்டார். வெள்ளைக்காரன் ஆட்சியில், யுத்த காலத்தில், காந்தியைத் திரையில் காட்டினார்.

மௌனப் படக் காலத்துக் கேமராக்கள் பெரும்பாலும் நொடிக்குப் பதினாறு, பதினெட்டுச் சட்டம் என்ற வேகத்தில் சுற்றியவை. பேசும்பட ப்ரொஜெக்டர் நொடிக்கு 24 சட்டம் ஓட்டும். பழைய சுருளை அப்படியே ஏற்றினால் மனிதர்கள் தத்தித் தத்தி ஓடுவார்கள். தண்டி யாத்திரைக் காட்சியை இன்றும் சில தொலைக்காட்சிகள் அப்படித்தான் காட்டுகின்றன. காந்தி வேகமாக நடப்பவர்தான்; ஆனால் அத்தனை வேகம் இல்லை. ஒரு தொகுப்பாளர் கொஞ்சம் சிரமப்பட்டால் அவரை அவர் நடந்த நடையிலேயே நடக்க வைக்கலாம்.

செட்டியார் அத்தனை பாடுபட்டுச் சேர்த்த அந்தக் காந்தி படமே பிற்காலத்தில் பார்க்கக் கிடைக்காமல் போனது. 1953இல் அமெரிக்காவில் சுருக்கித் தயாரித்த ஆங்கில வடிவத்தின் பிரதி ஒன்று, ஆய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதியின் நெடுநாள் தேடலில் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் கிடைத்தது. கோட்டையூர்க்காரர் சேர்த்ததை நாம் அமெரிக்காவில் போய்த் தேட வேண்டியிருந்தது. தமிழின் முதல் பேசும்படமான 1931ஆம் ஆண்டு 'காளிதாஸ்' அப்படித் தேடியும் கிடைக்கவில்லை. அந்தக் காலச் சுருள்களில் பல, பூச்சிலுள்ள வெள்ளியைப் பிரித்தெடுக்க எடைக்குப் போனவை. 2003 ஜனவரியில் புணேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தின் எளிதில் தீப்பற்றும் பழைய நைட்ரேட் சுருள்கள் தீயில் போயின.

எங்கள் தெருவில் நடப்பதையும் சொல்கிறேன். பழைய வீட்டைக் காலி செய்யும்போது ப்ரொஜெக்டர் வந்தால் உடனே விலை போகும். படப்பிடிப்பில் ஒரு மூலையில் வைக்க அழகாக இருக்கும். அதில் மாட்டியிருக்கிற சுருளைக் கழற்றி வீசச் சொல்லும் கலை இயக்குநர்களைப் பார்த்திருக்கிறேன். எனக்கு வயிறு எரியும். அவர்கள் தேடி அலையும் விவரமெல்லாம் அந்தச் சுருளில்தானே இருக்கிறது? ஒரு படக்குழு என்னிடம் எனாமல் தூக்குகளை வாடகைக்கு எடுத்து, முகப்புத் திண்ணையில் வரிசையாக அடுக்கியது. 1950களில் நடக்கிற கதையாம். அது ஆண்கள் உட்கார்ந்து கணக்குப் பேசுகிற திண்ணை. கணக்குப்பிள்ளையின் சாய்மேசையும் பேரேடும் இருக்க வேண்டிய இடம். தூக்குகள் உள்கட்டில், சாமான் அறையில் இருக்கும். பள்ளத்தூர் ஆச்சி வீட்டுச் சுருள் ஒன்றில் இதெல்லாம் தெளிவாக இருக்கிறது. கல்யாண வீட்டில் பந்திப்பாய் எப்படி விரித்தார்கள், தாலியான கழுத்துருவை மார்பில் எப்படித் தழைய விட்டார்கள், வேவு என்னும் சீர்ச் சாமான்களை எந்த வாசல் வழியாகக் கொண்டுவந்தார்கள் என்று பார்த்துத் தெரிந்துகொள்ளலாம். பழைய காட்சி திரையில் ஒரு நொடிகூட வராமல் போகலாம். ஆனாலும் அதைப் பார்த்துவிட்டு எடுத்த படத்துக்கும் பார்க்காமல் எடுத்த படத்துக்கும் உள்ள வேறுபாடு எங்கள் ஊர்க்காரர் கண்ணுக்குத் தப்பாது. அரங்கம் போடுவதற்குச் செலவழிக்கும் தொகையில் சிறு பங்கைச் சுருள் தேடுவதற்கு ஒதுக்கினால் போதும்.

உரிமை விஷயத்திலும் ஒரு தெளிவு வேண்டும். பழையதுதானே, யாருக்கும் சொந்தமில்லை என்று பலரும் நினைக்கிறார்கள். 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி, ஒரு திரைப்படத்துக்கு அது வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டு உரிமை உண்டு. வீட்டுப் பெட்டகத்தில் கிடந்த சுருள் வெளியாகவே இல்லையே. ஆகவே அறுபது ஆண்டு ஆயிற்று என்று அதை வெறும் பழையதாகக் கொள்ள முடியாது. கடையில் காசு கொடுத்துச் சுருளை வாங்கியவருக்கும் சுருள்தான் சொந்தம்; அதிலிருக்கும் காட்சியின் உரிமை கூடவே வந்துவிடாது. என் கடைக்கும் இது பொருந்தும். இப்போதெல்லாம் சுருள் விற்க வருகிறவர்களிடம், முதலில் எழுத்தில் ஒப்பந்தம் போடச் சொல்கிறேன். எந்த நிகழ்ச்சிக்கு, எத்தனை முறை ஒளிபரப்புக்கு, என்ன எழுத்துப் போட்டுக் காட்டுவது, ஸ்கேன் செய்த பிரதி குடும்பத்துக்கு எப்போது வரும், பெட்டியும் சீட்டும் உள்பட எல்லாம் திரும்ப வேண்டும் என்பதெல்லாம் அதில் இருக்க வேண்டும். அந்தத் தொலைக்காட்சி, மறுஒளிபரப்புக்கு முன் 'ரங்கூன், 1942' என்ற எழுத்தை எடுத்துவிட்டு, வண்ணத்தோடும் உண்மையான ஊர், ஆண்டோடும் காட்சியைப் போடட்டும்; அல்லது காட்சியையே எடுத்துவிடட்டும். ஆச்சியின் துண்டுச்சீட்டுகளைத் தேடிக் கொடுக்கட்டும். நாங்கள் கேட்பது இவ்வளவுதான்.

கோட்டையூரில் விளம்பரப் பலகை எழுதிக்கொண்டிருந்த ரோஜா முத்தையா சேர்த்த நூல்களும் இதழ்களும், அவர் 1992இல் மறைந்த பிறகு சிகாகோ பல்கலைக்கழகத்தின் முயற்சியால் காப்பாற்றப்பட்டு, 1994 முதல் சென்னையில் ஆய்வு நூலகமாக நிற்கின்றன. அச்சடித்த தாளுக்கு அப்படி ஓர் இடம் கிடைத்தது. படச்சுருளுக்கு இந்தப் பகுதியில் ஓரிடம் வேண்டும். பெரிய கட்டடம் வேண்டியதில்லை. 8 மில்லிமீட்டரும் 16 மில்லிமீட்டரும் ஸ்கேன் செய்யும் கருவி ஒன்று, குளிரூட்டிய அறை ஒன்று, கேட்டுக் கேட்டு எழுதுவதற்குப் பொறுமையுள்ள இரண்டு பேர் போதும். காரைக்குடியில் அழகப்பா பல்கலைக்கழகம் இருக்கிறது. யுத்தம் முடிகிற காலத்தில் ஏ.வி.எம். ஸ்டுடியோவே இந்த ஊரில் நடந்தது. இதைச் செய்ய இதைவிடப் பொருத்தமான ஊர் வேறு இல்லை.

வீட்டில் சுருள் வைத்திருப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். பழைய ப்ரொஜெக்டரில் மாட்டி ஓட்டிப் பார்க்காதீர்கள். சுருங்கிய சுருளின் ஓரத் துளைகள் கிழிந்துவிடும். டப்பாவைத் திறந்ததும் வினிகர் நெடி அடித்தால் அந்தச் சுருள் கெட ஆரம்பித்துவிட்டது என்று பொருள். அதை மற்றவற்றோடு வைக்காமல் தனியாக எடுத்து வையுங்கள். அதன் ஆவி பக்கத்துச் சுருளையும் கெடுக்கும். நம் ஊர்க் கோடையில் மாடியறையிலும் ஓட்டுக்கு அடியிலும் வைக்கக் கூடாது. முதலில் ஸ்கேன் செய்ய வேண்டியதும் நெடி அடிக்கிற சுருளைத்தான்.

அடுத்தது முகங்கள். இந்தச் சுருள்களில் இருப்பவர்களைப் பெயர் சொல்லக்கூடியவர்களுக்கு இப்போது எண்பதுக்கு மேல். முன்னோருக்குப் படையலிடும் படைப்புக்குப் பங்காளிகள் எல்லோரும் ஊருக்கு வரும்போது, வீட்டின் உள்முற்றமான வளவில் ஒரு வெள்ளை வேட்டியைக் கட்டி, ஸ்கேன் செய்த பிரதியை ஓட்டலாம். பெரியவர்கள் சொல்லும் பெயர், உறவு, ஊர், கடை எல்லாவற்றையும் செல்போனில் பதிவு செய்து, பிறகு தாளில் எழுதிப் பெட்டியில் வைக்கலாம். பள்ளத்தூர் ஆச்சி வீட்டில் வருகிற படைப்பின்போது அப்படிச் செய்ய இருக்கிறார்கள். ஸ்கேன் பிரதி என்னிடம் தயாராக இருக்கிறது. 1950களில் பினாங்கில் இருந்த குடும்பத்தார் யாராவது இதைப் படித்தால், வீட்டுப் பெரியவர்களை அழைத்துக்கொண்டு வரவேண்டும் என்று ஆச்சி சார்பில் கேட்டுக்கொள்கிறேன். படைப்பு எந்த நாளில் என்பதை என் கடையில் விசாரித்துத் தெரிந்துகொள்ளலாம்.

இப்படிக்கு,
பழைய சாமான் கடைக்காரர்,
முனீஸ்வரன் கோயில் தெரு,
காரைக்குடி.